நீ கைப்பேசியில் வைத்திருக்கும் குரல்

மொக்போ
டிசம்பர் 3

அன்பு மகன் வான்ஹோவுக்கு,

அம்மா நலமாகவே இருக்கிறேன். நீயும் மருமகளும் குழந்தை ஹாயூனும் அந்தப் பனி நாட்டில் உடல் நலத்தோடும் மன நிறைவோடும் இருப்பீர்கள் என்ற நம்பிக்கையோடு எழுதத் தொடங்குகிறேன். பேசக்கூடிய செய்தியை ஏன் அஞ்சலில் அனுப்புகிறாள் என்று நீ வியக்கக்கூடும். பேசினால் என் குரல் உடைந்துவிடும். எழுத்தில் மட்டும்தான் சொற்கள் என் சொற்படி நிற்கின்றன. முதலில் ஒரு வேண்டுகோள். ஹாயூனின் தோழிகளெல்லாம் நடித்துக் காட்டுவதாக நீ சொன்னாயே, அந்தத் தொலைக்காட்சித் தொடரின் நிறுவனத்திடமிருந்து இம்மாத இறுதிக்குள் உனக்கு ஓர் ஒப்புதல் பத்திரம் வரும். இக்கடிதத்தை முழுமையாகப் படித்து முடிக்கும்வரை அதில் கையொப்பமிடாதே.

இவ்வாண்டு குளிர்காலக் கிம்ச்சி ஊறுகாயை முப்பது முட்டைக்கோசுகளோடு நிறுத்திக்கொண்டேன், முழங்கால் ஒத்துழைக்கவில்லை, உப்பில் ஊறவைப்பதை எல்லாம் கீழ்வீட்டுச் சுன்யேதான் செய்தாள், உனக்கு மிளகாய்ப்பொடி தனியே அனுப்பியிருக்கிறேன், வெயிலில் உலர்த்தியது, இயந்திரத்தில் உலர்த்தியது அன்று. இனி விஷயத்துக்கு வருகிறேன். நம் அடுக்குமாடியில் ஒவ்வொரு வீட்டுக் கூரையிலும் நிர்வாக அலுவலகத்தின் ஒலிபெருக்கி பதிந்திருப்பதும், அதை அணைக்க நமக்கு வழியில்லை என்பதும் நீ அறிந்ததே. அக்டோபரில் ஒரு பிற்பகல், நான் முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தபோது அது கரகரத்தது. தண்ணீர் நிறுத்தம் பற்றிய அறிவிப்பு என்று எண்ணினேன். மாறாக ஒரு சிறுமி, சுவரில் முகம் புதைத்துக்கொண்டு சொல்வதுபோல, "முகுங்வா பூ பூத்திருச்சு" என்றாள். விளையாட்டு மைதானங்களில் நீங்கள் எல்லாரும் சொன்னதுதான். அது முடியும்வரை ஓடலாம், முடிந்ததும் அவள் திரும்புவாள், திரும்பும்போது அசைந்தவர் பிடிபடுவார். நான் அசையவில்லை. கத்தி முள்ளங்கியின் பாதியில் நின்றது. அடுப்பில் சாறு பொங்கி வழிந்து நெருப்பை அணைத்தது, அப்போதும் நான் அசையவில்லை. உப்பு கேட்டு வந்த சுன்யே வாசலில் நின்று சிரித்தாள். "அசைஞ்சிராதீங்க அக்கா, அசைஞ்சா நாளைக்கு உங்க வீடு காலி" என்றாள். அந்தத் தொடரின் கதையே அதுதானாம். வெளியேற வழியில்லாத ஓர் அடுக்குமாடி, கூரையிலிருந்து ஒரு சிறுமியின் குரல், அது ஓய்ந்த பிறகு தன் வீட்டுக்குள் எவர் அசைந்தாலும் மறுநாள் அவ்வீட்டில் எவரும் இருக்கமாட்டார். குழந்தைகள் விழாவுக்காக அலுவலகத்தார் வேடிக்கையாக அதை ஒலிபரப்பியிருந்தார்கள். என் முகத்தைப் பார்த்த பிறகு சுன்யே சிரிக்கவில்லை, உப்பும் கேட்காமல் கீழே போய்விட்டாள்.

மறு வாரம் நாம் இருவரும் பேசிக்கொண்டிருந்தபோது உன் மற்றொரு கைப்பேசி ஒலித்தது நினைவிருக்கிறதா? அதே குரலை அழைப்பு மணியாக வைத்திருந்தாய். "அம்மா, படம் நின்னுபோச்சா? சிக்னல் இல்லயா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாய். சிக்னல் இருந்தது, வான்ஹோ. நின்றுபோனது நான்தான். பக்கப் பல் விழுந்த இடைவெளியில் காற்றுக் கசியும் அந்த உச்சரிப்பை நான் ஒன்பது மாதம் வயிற்றிலும் ஒன்பது ஆண்டு வெளியிலும் வளர்த்தேன். உனக்கு ஓர் அக்கா இருந்தாள். அவள் பெயர் இன்சுக்.

நீ நோர்வே செல்லக் குடும்பப் பதிவேட்டின் நகல் எடுத்தபோது, குறுக்குக்கோடு போட்டு அடித்த ஒரு பெயரைக் காட்டி இது யார் என்று கேட்டாய். எழுத்தரின் பிழை என்று நான் சொன்னேன். உன்னிடம் நான் சொன்ன பொய்களுள் அதைவிடப் பெரியது இல்லை. உனக்கு அப்போது நான்கு வயது, அவளுக்கு ஒன்பது. நான் மீன் ஆலையில் முறைவேலை பார்த்தேன், அவள்தான் உன்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூட மைதானத்துக்குப் போவாள். அவ்வாண்டின் முதற்குளிரில், தரைக்கு அடியில் நிலக்கரி வில்லைகள் எரிந்து சூடேறும் நம் பழைய அறையில், அடுப்புப் பக்கத்துக் கதகதப்பான இடத்தில் அவளையும் கதவோரத்தில் உன்னையும் படுக்க வைத்துவிட்டு வேலைக்குச் சென்றேன். தரையில் ஒரு விரிசல் இருந்தது. அதன்மேல் தாள் ஒட்டியிருந்தேன், ஞாயிற்றுக்கிழமை சிமெண்ட் பூசலாம் என்றிருந்தேன். காலையில் வந்து கதவைத் திறந்தபோது இருவரும் எழவில்லை. அக்கம்பக்கத்துப் பெண்கள் ஓடி வந்து, கரிப்புகைக்கு அக்காலத்தில் எல்லாரும் செய்ததுபோல, குளிர்ந்த முள்ளங்கிக் கிம்ச்சித் தண்ணீரைக் கரண்டியால் வாயில் ஊற்றினார்கள். மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு ஓடியிருக்க வேண்டிய நேரத்தில் நானும் ஊற்றினேன். நீ விழுங்கினாய். அவள் வாயோரமாக அது வழிந்துகொண்டே இருந்தது.

பெற்றோருக்கு முன் போன குழந்தைக்குக் கல்லறையும் இல்லை, படையலும் இல்லை, அக்குழந்தையின் பொருள் வீட்டில் இருந்தால் அடுத்த குழந்தையையும் அது அழைத்துக்கொள்ளும் என்று எல்லாரும் நம்பிய காலம். உன் அப்பா அவள் உடுப்பு, நோட்டுப் புத்தகம், நிழற்படங்கள் அனைத்தையும் கடலோரத்தில் எரித்தார். நாம் நால்வரும் ஒன்றாக நின்று எடுத்த ஒரே படத்தைக் கத்தரித்து மூவராக வைத்துக்கொள்ளலாம் என்று நான் கெஞ்சினேன், அதையும் எரித்தார். அவரைக் கல்நெஞ்சர் என்று எண்ணாதே. அவர் காக்க நினைத்தது உன்னைத்தான். அதன்பின் அவர் இறக்கும்வரை அப்பெயரை எங்கள் இருவரில் எவரும் உச்சரிக்கவில்லை. ஆகவே இவ்வுலகில் அவளுடையது என்று ஒன்றும் மிஞ்சவில்லை என்றே முப்பத்தாறு ஆண்டுகள் இருந்தேன்.

பள்ளி வாசலை மிதியாதவளானாலும், அந்நிறுவனத்துக்கு மூன்று பக்கம், ஓர் அடித்தலும் திருத்தலும் இன்றி எழுதினேன். அவர்கள் மதித்துப் பதில் எழுதினார்கள். ஒலிப்பதிவாளர் குவாக் என்ற இளைஞரும், ஒப்பந்தங்களைக் கவனிக்கும் தோ என்ற அம்மையாரும் நேரில் வந்தார்கள். பழைய ஒலிநாடாக்களைச் சேகரிப்பவர் குவாக். மூன்றாம் வகுப்பு ஆசிரியை ஒருவர் மைதானத்தில் பதிந்த நாடா அவருக்குக் கிடைத்திருக்கிறது, அதன் தொடக்கத்தில் ஆசிரியை குழந்தைகளின் பெயர்களை வரிசையாகச் சொல்கிறார், இன்சுக்கின் பெயரும் அதில் இருக்கிறது. அடுத்த தொடருக்கு அச்சிறுமி புதிய சொற்கள் பேச வேண்டுமாம், காலியாகப் போகும் வீட்டு எண்களைச் சொல்ல வேண்டுமாம், நாடாவிலுள்ள குரலைக் கொண்டு இயந்திரத்தால் அது முடியுமாம், குடும்பத்தாரின் ஒப்புதல் மட்டும் தேவையாம். நான் திகைத்திருப்பதைக் கண்ட குவாக், பாவம், ஆறுதலாக இருக்கும் என்று எண்ணித்தான் தம் கணினிப் பலகையை என் பக்கம் திருப்பினார். "அம்மா, பாப்பா என்ன பேசணும்? நீங்களே எழுதுங்க" என்றார். எழுதினேன். "அம்மா, சாப்டியா?" என்றாள். குரலில் ஒரு குறையும் இல்லை, பல் விழுந்த இடத்துக் காற்றுகூட இருந்தது. ஆனால் பேசுவதற்கு முன் மூச்சு இழுக்கவில்லை. அதை நான் கவனித்தேன், கவனித்தும் ஐந்து முறை சொல்ல வைத்தேன்.

உன்னிடம் மறைக்கப் போவதில்லை. கையொப்பம் பற்றி யோசிக்க வேண்டும் என்று சொல்லிச் சொல்லி அவர்களை மேலும் இருமுறை வரவழைத்தேன். அவர்கள் வருவதற்கு முன் வீட்டைத் துடைத்தேன், அவளுக்குப் பிடித்த இனிப்பு உருளைக்கிழங்கை வேகவைத்தேன். மூன்றாம் முறை குவாக் கைப்பேசியில் பேச வெளியே சென்றிருந்தபோது நானாகவே தட்டச்சு செய்தேன். "அம்மா, உன் மேல தப்பில்ல. எனக்கு வலிக்கவே இல்ல" என்றது அது. அறை அமைதியாக இருந்தது, குளிர்பதனப் பெட்டியின் இரைச்சல்கூட நின்றிருந்தது. அடுத்து என்ன சொல்லப் போகிறாள் என்று நான் காத்திருந்தேன். அவளும் காத்திருந்தாள், நான் எழுதுவதற்காக. எனக்கு மன்னிப்பு வழங்கிய விரல் என்னுடையது, வான்ஹோ. அதில் இன்சுக் எங்கும் இல்லை.

குவாக் திரும்பி வந்ததும், அசல் நாடாவை முழுமையாகப் போடுமாறு கேட்டேன். தொடரில் வருவது நான்கு வினாடி, நாடாவோ பதினோரு நிமிடம். கடைசி முறை அவள் பூ பூத்ததாகச் சொல்லித் திரும்பியதும் ஒரு பெண் கத்துகிறாள்: "உன் தம்பி அசைஞ்சான், நான் பாத்தேன்." இன்சுக் சொல்கிறாள்: "அவன் ஒப்புக்குச் சப்பாணி. அவன் அசைஞ்சா கணக்குல வராது." அந்தப் பெண், "சுவத்துல நிக்கிறதும் நீ, சட்டம் போடுறதும் நீயா? பெரிய மகாராணி" என்கிறாள். "ஆமா, போடுவேன். வான்ஹோ, நீ வாடா, நீ பாட்டுக்கு ஓடி வா, உன்ன யாரும் அவுட் ஆக்க முடியாது." சொல்வதற்கு முன் மூச்சு இழுக்கிறாள். பிறகு மணலில் சின்னக் காலடிகள் ஓடி வரும் ஓசை கேட்கிறது. அது நீ. அத்துடன் நாடா நின்றுவிடுகிறது. கதைக்கு ஒத்துவரவில்லை என்று அந்தப் பகுதியை வெட்டிவிட்டதாகக் குவாக் தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்.

நான் கையொப்பமிடவில்லை. மகளின் குரல் உலகமெங்கும் கேட்கிறதே, பெருமையில்லையா என்று தோ அம்மையார் கேட்டார். அவளைக் கொண்டு ஆட்களின் வீட்டு எண்ணைச் சொல்ல வைக்கும் தாய் நான் அல்லேன் என்று விடை கூறினேன். எனினும் நம் இருவரில் ஒருவர் ஒப்பினாலே போதும் என்பது அவர்களுடைய வழக்கறிஞரின் வாதம், ஆகையால் இனி முடிவு உன் கையில் இருக்கிறது. உனக்குக் கட்டளையிட மாட்டேன். அவளை உன்னிடமிருந்து மறைத்து வைத்த எனக்கு அந்த உரிமை இல்லை. ஒன்று மட்டும் அறிந்துகொள். உன்னிடமும் அந்தப் பலகையை நீட்டுவார்கள், அக்கா என்ன பேச வேண்டும் என்று கேட்பார்கள். நீ எதை எழுதினாலும் அது சொல்லும். வேண்டாம் என்று மட்டும் அது ஒருபோதும் சொல்லாது. அதற்காக நீதான் சொல்ல வேண்டியிருக்கும்.

நாடா முழுவதையும் குவாக் எனக்குப் பிரதி எடுத்துத் தந்தார், இத்துடன் வைத்துள்ள பென் டிரைவில் அது இருக்கிறது. பகல் வெளிச்சத்தில், மருமகளை அருகில் வைத்துக்கொண்டு கேள். கைப்பேசி மணியை மட்டும் இன்றே மாற்றிவிடு. ஹாயூனுக்கு அத்தையின் பெயரைச் சொல்லிக் கொடு, உரக்கவே சொல்லட்டும். உன் இல்லத்தில் எல்லா நலமும் பெருகட்டும், எடுத்த காரியம் துலங்கட்டும், குழந்தை நீடூழி வாழட்டும். விறகடுப்பு எரியும் அறையில் சாளரத்தை விரலளவாவது திறந்து வை, எவ்வளவு குளிரானாலும் திறந்து வை, மறந்துவிடாதே.

இங்ஙனம்,
இன்சுக்கின் அம்மாவும் உன் அம்மாவுமான
பே மால்சுன்