சிவப்புப் பென்சிலால் அடித்த வரி

ஜூன் 4, 1962. திங்கள்.
விடியும்போதே சாரல். பள்ளிக்கூடம் திறந்தாச்சு. ஐந்தாம் வகுப்பு மறுபடியும் என் தலையில்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் ஒருத்தன் டேப்பு பிடித்து முன்னறையை அளக்கிறான். புளியங்குடி எலுமிச்சை மண்டிக்காரரின் ஆளாம். "முதலாளி போன வாரம் இந்த வீட்டைக் கிரயம் முடிச்சிட்டாக. சீசனுக்கு அருவியில குளிக்க வாரவங்களுக்கு விடப் போறாக."

எட்டு வருஷமாக நாங்கள் வாடகைக்கு இருக்கிற வீடு. வீட்டுக்காரர் பலவேசம் அண்ணாச்சி சித்திரையில்தான் இதை எனக்கு விலைக்குத் தருவதாக ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார். முன்பணம், என் சங்கிலி விற்றது.

இவுக கட்டிலில் இருந்தபடி, "ஏட்டி, யாரு வந்தது?" என்னைக் கட்டினவுக வாதம் வந்து படுத்து நாலு வருஷம். அருவிச் சத்தம் கேட்கிற ஜன்னலை விட்டு நகர மாட்டாக. கரண்டு ஆபீஸ்காரன் என்று சொல்லிவிட்டேன்.

ஜூன் 5. செவ்வாய்.
லீவு. அண்ணாச்சி வீடு பூட்டு. வந்த ஆத்திரத்தில் கதவை மிதித்தேன். கால்தான் வலிக்கிறது.

தென்காசி பஸ். தாலுகா ஆபீஸ் வாசலில் மனு எழுதுகிற பெரியவர். எல்லாம் கேட்டு எழுதினார். வாங்கி வாசித்தேன். 'ஆதிமுதலே மோசம் செய்யும் எண்ணத்துடன் மேற்படியார்...'

இது என்ன அநியாயம்? சித்திரையில் வெற்றிலை பாக்கு மாற்றும்போது அண்ணாச்சி கண் கலங்கினதை நான் பார்த்தேனே. "ராசாத்தி மாதிரி இரு தங்கச்சி" என்றாரே. பையிலிருந்து சிவப்புப் பென்சிலை எடுத்து அந்த வரியை அடித்தேன்.

"அது இருக்கட்டும் டீச்சர்."

"நடக்காததை எழுதக் கூடாது பெரியவரே."

அவர் கையால் வேண்டாமென்று நானே நல்ல காகிதத்தில் படி எடுத்தேன். அடித்த வரிக்குப் பதிலாக: 'அன்று மனசாரச் சம்மதித்தார். பின்னால் மனசு மாறிவிட்டார்.' அவருடைய இரண்டு எழுத்துப் பிழையையும் திருத்தினேன். பெரிய கெட்டிக்காரி!

ஜூன் 7. வியாழன்.
மழை. குடைக்கம்பி ஒடிசல். போலீஸ் ஸ்டேஷன். எஸ்.ஐ. சின்ன வயசு, மரியாதையான பிள்ளை. நாற்காலி போடச் சொன்னார். மனுவை இரண்டு தடவை வாசித்தார்.

"டீச்சர், முன்பணம் வாங்கும்போதே ஏமாத்தணும்னு நினைச்சு வாங்கியிருந்தா நான் கேஸ் எழுதுவேன். பிறகு மனசு மாறினா அது சிவில். நீங்களே எழுதியிருக்கீங்க, பாருங்க." விரல் வைத்துக் காட்டினார். என் வரி.

"அப்போ வீடு?"

"கோர்ட்டுக்குத்தாம்மா போகணும்."

அப்படியே வக்கீல் வீடு. "நல்ல கேஸ்தான். ஆனா வருஷக்கணக்கா இழுக்கும். தாங்குவியளா?" தலையாட்டினேன். ஆமாம் என்றா, இல்லை என்றா? எனக்கே தெரியாது.

வாங்க வேண்டியது: தைலம், மண்ணெண்ணெய், குடைக்கம்பி. தைலம் மட்டும் வாங்கினேன்.

ஜூன் 8. வெள்ளி.
இவுககிட்ட சொல்லிவிட்டேன். "என்னையும் கட்டிலோட சேத்து வித்துட்டானா?" என்று சிரிக்காக. அடுப்படிக்குப் போய் அழுதேன். இந்த உடம்பைத் தூக்கிக்கொண்டு எங்கே போவேன்?

ஜூன் 10. ஞாயிறு.
நல்ல வெயில். அண்ணாச்சி தானாக வந்தார், பலாப்பழத்தோடு. உட்காருங்க என்றேன். காப்பியும் போட்டேன். எட்டு வருஷப் பழக்கம், வாய் அதுவாகச் சொல்கிறது.

"ஸ்டேஷன்ல கூப்பிட்டு விசாரிச்சாக. எனக்கு நல்ல வார்த்தை எழுதியிருக்கியே தங்கச்சி, நீ நல்லாருப்ப. ஆடிக்குள்ள வீட்டை ஒழிச்சுக் குடுத்துரு."

"ஏன் அண்ணாச்சி மனசு மாறினீக?"

"மனசு எங்கன மாறிச்சு? புளியங்குடிக்காரர்ட்ட தையிலேயே பேசி அட்வான்ஸ் வாங்கியாச்சுல்லா. மக கல்யாணத்துக்கு அது பத்தல. நீயும் கேட்டுக்கிட்டே இருந்த..." பாதியில் நிறுத்தினார். காப்பியை ஒரே மடக்கில் குடித்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

தை. சித்திரைக்கு மூன்று மாசம் முந்தி. மனுவில் பெரியவர் எழுதி நான் அடித்த வரிதான் சரி.

அண்ணாச்சி சொன்னதைக் காதால் கேட்டது நான் ஒருத்திதான். இவுக நல்ல தூக்கம். திரும்ப ஸ்டேஷனுக்குப் போனால் எஸ்.ஐ. அந்த மனுவைத்தான் எடுத்துப் போடுவார். என் கையெழுத்து. முத்து முத்தாக.