எல்லைக்கல்லுக்கு இந்தப் பக்கம்

என் உயிரான பேச்சியக்கா,

ஈரேழு பதினாலு லோகத்திலும் ஒருவர்கூட நம்பமாட்டாத கதை ஒன்றைச் சொல்லப்போகிறேன். சுருளி அருவி மேல் ஆணை. நீ இருந்தால், "ஆரம்பிச்சிட்டான் புளுகுமூட்டை" என்று முந்தானையால் வாயைப் பொத்திச் சிரிப்பாய். இப்போதும் சிரிக்கிறாயா?

உன் மகன் முத்தையா சர்க்கார் மேல் போட்ட வேலை வழக்கு நேற்று ராஜியில் முடிந்தது. இரு தரப்பும் மனம் ஒத்துக் கையெழுத்துப் போட்டாயிற்று.

நீ படுக்கையில் கிடந்தபோது உனக்காகத் தீச்சட்டி நேர்ந்து அவன் காப்புக் கட்டினானே. திருவிழா முடியும்வரை ஊர் எல்லை தாண்டக் கூடாது. அவன் லஸ்கராகக் காவல் காத்த கால்வாய் மடையோ எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம். அவனுக்குப் பதிலாக நான் போனேன். என் கை பட்டதும் பெரியாற்றுத் தண்ணீர் மிரண்டு மலையாளத்துக்கே திரும்பி ஓடப் பார்த்தது! கல்லுக்கு இந்தப் பக்கம் நின்று அவன் கத்தினான்: "மாமா, இன்னும் ரெண்டு திருகு! அய்யய்யோ, அங்கிட்டு இல்ல, இங்கிட்டு!"

அந்த நேரம் பார்த்து ஓவர்சியர் சைக்கிளில் வந்தார்.

"ஏலே, மடை அங்கன இருக்கு, நீ இங்கன என்னலே பண்ற?"

"காப்புக் கட்டியிருக்கேன் எசமான். தாண்ட முடியாது."

"சர்க்கார் வேலைக்கு ஏதுலே காப்பு?"

வேலை போயிற்று. "எனக்காகக் கட்டுன கயிறுதானே எம்புள்ள சோத்தைப் பறிச்சுச்சு" என்று புலம்பியபடியே நீ கண்ணை மூடினாய். உன்னைத் தேற்ற ஒரு புளுகுகூட அன்று என் வாயில் வரவில்லை அக்கா.

போன வாய்தா அன்று பெரியகுளத்துக் கோர்ட்டைப் பார்த்திருக்க வேண்டும். கூரை மேகத்தில் இடித்தது. பங்காக் காற்றில் வக்கீல்கள் உறங்கினார்கள், கட்சிக்காரர்கள் உறங்கினார்கள், ஓட்டு மேல் காக்கைகளும் உறங்கின. எங்கிருந்தோ நெற்பயிர் வாசனை வந்தது. நம் கால்வாய்த் தண்ணீர் படியேறி வந்து, சொட்டச் சொட்டக் கூண்டில் நின்று, "இவன் எனக்கு ஒருநாளும் வழி அடைத்ததில்லை" என்று சாட்சி சொன்னது.

பிறகு சத்தியம் செய்ய ஓவர்சியர் கையைத் தூக்கினார். மணிக்கட்டில் மஞ்சள் கயிறு. சூரியனே முளைத்ததுபோல் ஜொலித்தது!

"இது என்ன?" என்றார் நீதிபதி.

"மகளுக்கு அம்மை போட்டிருக்குங்க. இங்க பெரியகுளத்துல நம்ம வீட்டுல நேந்துக்கிட்டாக. நான் காப்புக் கட்டியிருக்கேன்."

"நாளை கம்பம் மடைகளைப் பார்க்கப் போவீரா?"

"எல்லை தாண்டக் கூடாதுங்களே…" சொன்னவர், சொல்லிவிட்டு முத்தையாவைப் பார்த்தார்.

உன் மகன் என்ன கேட்டான் தெரியுமா? "பாப்பாவுக்குத் தண்ணி ஊத்தியாச்சா எசமான்?"

"மொத தண்ணி ஊத்தியாச்சுப்பா" என்றார் அவர்.

அவரே மேலிடத்துக்கு எழுதினார். அவன் போகாத நாட்கள் லீவாயின. வேலை திரும்பியது, அவன் வழக்கை விட்டான். இன்று காலை மடையைத் திறந்தபோது உன் பேரைச் சொல்லித்தான் திறந்தான்.

இனி அந்தக் கயிற்றைக் குறை சொல்ல யாரையும் விடமாட்டேன் அக்கா, உன்னையும்தான். இது சத்தியம்.

காக்கை உறங்கியதும் தண்ணீர் சாட்சி சொன்னதும் என் கைச்சரக்கு. ஓவர்சியர் கயிறும் ஜொலிக்கவில்லை. நனைந்து நனைந்து சாயம் போயிருந்தது. ஆனால் இருந்தது. அது மட்டும் நிசம்.

உன் புளுகுமூட்டைத் தம்பி,
முத்தையாவின் தாய்மாமன்