அப்பாக் கரடி எங்கே போயிற்று?

நகானோ, டோக்கியோ
அக்டோபர் 4, 1986

அன்புள்ள ஓரியே,

ஸ்டுடியோவில் என்னைப் பார்த்தும் பார்க்காததுபோல் போகிறாய். போன் செய்தால் உன் அக்காதான் எடுக்கிறாள். அதனால்தான் கடிதம். நம் சாயோவுக்கு இருமல் விட்டதா?

அமெரிக்கக் கார்ட்டூனில் நீ ஜப்பானியக் குரல் கொடுக்கும் கரடிக்குட்டிக்கு அடுத்த வாரம் ஒரு சிக்கல். அமெரிக்கக்காரர்கள் அதன் அப்பாவையும் அம்மாவையும் பிரித்துவிட்டார்கள். குட்டி அதைத் தன் தோழனிடம் சர்வ சாதாரணமாகச் சொல்கிறது. விளம்பரம் கொடுக்கும் பிஸ்கட் கம்பெனிக்காரர் பதறிப்போனார். "சின்னப் பிள்ளைங்க சாப்பிட்டுக்கிட்டே பாக்குறது சார். விவாகரத்தெல்லாம் நமக்கு எதுக்கு? அப்பா வெளிநாட்டுல வேலையா இருக்காருன்னு மாத்திடுங்க" என்றார். நம் வசனத்தை அப்படியே மாற்றி எழுதிவிட்டேன். வாயசைப்புக்கும் கச்சிதமாகப் பொருந்துகிறது. வியாழக்கிழமை பேசிக் கொடுத்துவிடு.

ஷின்பெய்

*

கவாகோயே
அக்டோபர் 10

ஷின்பெய் அவர்களுக்கு,

இருமல் விட்டுவிட்டது. உங்கள் வசனத்தை நான் பேசவில்லை. இதற்குள் டைரக்டர் ஹயாமி சொல்லியிருப்பார்.

மைக் முன்னால் நின்றேன். திரையில் குட்டியின் வாய் அசைந்தது, எனக்குக் குரல் வரவில்லை. "ஏம்மா, கரடி பேசுது, நீ பேசலியே!" என்று ஹயாமி கத்தினார். எல்லோரும் சிரித்தார்கள். நான் வசனத் தாளை வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

வெளிநாட்டில் வேலை! இதே பொய்யைத்தானே வசந்த காலத்திலிருந்து சாயோவிடம் சொல்லிக்கொண்டிருக்கிறேன்? "அப்பா பாங்காக்ல இருக்காருன்னு சொல்லி வை, நான் பக்குவமா எடுத்துச் சொல்லிக்கிறேன்" என்றீர்களே, எப்போது? நேற்றுக் கேட்கிறாள்: "அம்மா, பாங்காக்ல தபால் பெட்டியே கிடையாதா?" ஊரிலுள்ள பிள்ளைகளுக்கெல்லாம் சேர்த்து இன்னொரு முறை அதைச் சொல்ல என்னால் ஆகாது. வேறு ஆளை வைத்துக்கொள்ளுங்கள்.

ஓரியே

*

நகானோ
அக்டோபர் 15

ஓரியே,

உன் கடிதத்தைப் படித்ததும் எனக்குக் கோபம்தான் வந்தது. இது வேலை, குடும்பச் சண்டையை இங்கே ஏன் இழுக்கிறாய் என்று நாலு பக்கம் எழுதிக் கிழித்துப் போட்டேன். உட்கார முடியவில்லை, படுக்க முடியவில்லை. ரயிலேறிக் கவாகோயேவுக்கு வந்துவிட்டேன். பள்ளி விடும் நேரம். மஞ்சள் தொப்பியுடன் சாயோ வந்தாள், உயரமாகியிருக்கிறாள். நான் என்ன செய்தேன் தெரியுமா? ஒரு லாரிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். என் மகளைக் கண்டு ஒளிந்துகொண்டேன்.

மறுநாள் வசனத்தைத் திருப்பி மாற்றினேன். "அப்பாவும் அம்மாவும் தனித்தனியா இருக்காங்க. ரெண்டு பேருமே என்னோட ஆளுங்கதான்." பிஸ்கட்காரர், "பெத்தவங்க போன் பண்ணிக் கத்தினா யாருய்யா பதில் சொல்றது?" என்று எகிறினார். "நான்தான்" என்றேன். இந்த ஒரு வாரத்துக்கு ஒப்புக்கொண்டார். அடுத்த மாதத்திலிருந்து கரடி வசனத்தை வேறொருவர் எழுதுவார். போகட்டும். அடுத்த வியாழக்கிழமை நீ வந்து பேசு. அதற்குப் பிறகு நாம் இருவரும் ஒரு காபி குடிக்கலாமா?

ஷின்பெய்

*

கவாகோயே
அக்டோபர் 27

ஷின்பெய் அவர்களுக்கு,

காபிக்கு நிற்காமல் வந்ததற்கு மன்னியுங்கள். அந்த வசனத்தை மனதாரப் பேசினேன். நன்றாக எழுதியிருந்தீர்கள்.

நேற்று ஒளிபரப்பானது. சாயோ சாப்பிடுவதை நிறுத்திவிட்டுத் திரையையே பார்த்தாள். அப்புறம் என் பக்கம் திரும்பாமலே, "நம்ம அப்பாவும் அப்படித்தானாம்மா?" என்றாள். "அப்பாவே சொல்லுவாரு" என்றேன். அதற்குமேல் அவள் கேட்கவில்லை. கேட்காததுதான் எனக்குத் தாங்கவில்லை.

இனி எனக்கு எழுதாதீர்கள். நான் திரும்பி வரப்போவதில்லை. அது உங்களுக்கும் தெரியும். அவளுக்கு எழுதுங்கள். ஒன்றாம் வகுப்புதானே, எளிய எழுத்துகள்தான் அவளுக்குத் தெரியும்.

ஓரியே

*

நகானோ
அக்டோபர் 29

சாயோவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நான் பாங்காக்கில் இல்லை. அங்கே போனதே இல்லை. ரயிலில் ஒரு மணி நேரத் தூரத்தில்தான் இருக்கிறேன். பாங்காக் என்று சொல்லச் சொன்னது நான். அம்மா மேல் கோபப்படாதே.

அம்மாவும் நானும் இனி ஒரே வீட்டில் இருக்க மாட்டோம். நீ எதுவும் செய்ததால் அல்ல.

ஞாயிற்றுக்கிழமை காலையில் வருகிறேன். என்னைப் பார்க்கப் பிடிக்கவில்லை என்றால் கதவைத் திறக்க வேண்டாம். உள்ளேயிருந்தே திட்டு. நான் வாசலில்தான் நிற்பேன், எனக்குக் கேட்கும்.

அப்பா