மூன்றாம் உலக்கையின் சத்தம்

8.3.1976, திங்கள்

இன்று மூன்று பஸ் ஆட்கள். எல்லோரும் என் குரலைக் கேட்டுத்தான் உள்ளே வந்தார்கள். வாசலில் பெரிய பலகையும் இருக்கிறது, அது வேறு.

மெல்பேணிலிருந்து ரெயிலில் இரண்டு மணி நேரம். நூற்றிருபது வருஷத்துக்கு முதல் தங்கம் தோண்டிய ஊரைத் திரும்பக் கட்டி, ரிக்கற் போட்டுக் காட்டுகிறார்கள். அதில் கல் இடிக்கும் மில் என் பொறுப்பு. ஐந்து இரும்பு உலக்கை, கீழே இரும்பு உரல். ஒவ்வோர் உலக்கையும் ஒரு எருமையின் பாரம். மேலே ஒரு தண்டு சுழன்று முறை வைத்துத் தூக்கிவிடும். விழுவதை அவை தாமே பார்த்துக்கொள்ளும்.

சனத்துக்குச் சொல்வது இது: முதலில் வந்தவர்கள் ஆற்று மண்ணைத் தட்டில் அலசியே தங்கம் எடுத்தார்கள். அது முடிந்த பிறகு, வெள்ளைக் கல்லுக்குள் ஒளிந்திருந்ததைப் பிடிக்க இந்த மில் வந்தது. கல்லை மாவாக இடித்து, பாதரசம் பூசிய செப்புத் தகட்டின் மேல் தண்ணீரோடு ஓடவிட்டால் தங்கம் ஒட்டிக்கொள்ளும். இவ்வளவும் அச்சடித்த தாளில் இருக்கிறது. மிச்சம் என்னுடையது.

இன்றைய மிச்சம்: என் இடக்கைச் சுட்டுவிரலில் நுனி இல்லை. ஒரு அம்மா அதைப் பற்றிக் கேட்டார். கோலார் தங்கச் சுரங்கத்தில் ஆயிரம் அடிக்குக் கீழே கயிறு அறுந்தபோது போனது என்றேன். போன கிழமை ஆட்களுக்குச் சிறுத்தை. கோலார்தான் எனக்கு நன்றாக வருகிறது.

11.3.1976

இந்த வேலை கிடைத்த விதத்தையும் எழுதிவைக்க வேண்டும், பின்னுக்கு உதவும். விண்ணப்பம் அடித்தது ரஞ்சினி, அக்காவின் மகள், மெல்பேணில் நேர்ஸ். "மாமா, ஊரிலை என்ன வேலை பாத்தனீங்கள்?" என்றாள். "மில்லிலை. பன்னிரண்டு வருஷம். மெசின் முழுக்க என்ரை பொறுப்பு" என்றேன். அவள் மில் எஞ்சினியர் என்று அடித்தாள். நான் திருத்தவில்லை. நேர்ஸ் அடித்ததை நான் திருத்துவதா?

யாழ்ப்பாணத்தில் மில் என்றால் என்ன மில் என்று யாரும் கேட்பதில்லை. இங்கே மனேச்சர் டொனால்ட்சனும் கேட்கவில்லை.

21.3.1976

மழை. ஆட்கள் இல்லை. மெசினுக்கே கோலாரைச் சொன்னேன்.

2.4.1976, வெள்ளி

டொனால்ட்சன் என் தோளில் தட்டினார். ஈஸ்ரர் சனிக்கிழமை பெரிய விழா. இதுவரை இரண்டு உலக்கையை மெதுவாக ஓட்டிக் காட்டினோம். அன்று ஐந்தும், முழு வேகத்தில். முன் வாங்கில்களில் பள்ளிக்கூடப் பிள்ளைகள்.

அதோடு என் ஆறு மாதச் சோதனைக் காலம் முடிகிறது. நிரந்தர வேலைக் கடிதம் வந்தால்தான் என் மனைவி இராஜேஸ்வரியை ஊரிலிருந்து கூப்பிடலாம். ஒன்றரை வருஷமாக அவள் அங்கே, நான் இங்கே.

தங்க மில்லுக்குத் தலைவர் ஆகப்போகிறேன் என்று அவளுக்கு எழுதினேன். ஐந்து உலக்கைக்கும் தலைவர்தானே.

9.4.1976

ஒத்திகை. ஐந்தும் முழு வேகம். ஒன்று, நாலு, இரண்டு, ஐந்து, மூன்று: இதுதான் விழும் முறை. நிலம் அதிர்ந்தது. எல்லோரும் கை தட்டினார்கள்.

மூன்று விழுந்ததும் பின்னால் ஒரு சின்ன 'ணீங்'.

வேறு ஒருவருக்கும் கேட்கவில்லை. எனக்குக் கேட்டுது. நுனியில்லாத விரலிலை கேட்டுது. தண்டு வெடிச்சிருக்கு, வேறை ஒண்டும் இல்லை. வெடிச்ச தண்டு அறுந்தால் துண்டு எங்கை போகும்? முன்னுக்கு. முன்னுக்கு என்ன கிடக்கு? வாங்கில்.

10.4.1976

டொனால்ட்சனிடம் சொன்னேன். மெசின் திருத்துகிற பிற்றர் ரோச் வெளிச்சம் அடித்துப் பார்த்தான். கிறீசுக்கு மேல் கிறீஸ். ஒன்றும் தெரியவில்லை என்றான்.

டொனால்ட்சன் சிரித்தார். "சச்சி, போன மாதம் தங்கத்தை மூக்கால் மணந்தே பிடிப்பேன் என்றாய். பிறகு சிறுத்தை. இது எந்தக் கதை?"

இது கதை இல்லை, சத்தியம் என்றேன். சிறுத்தைக்கும் நான் சத்தியம் செய்திருந்தேன் என்று ஞாபகப்படுத்தினார்.

14.4.1976, புதன்

தபாற்கந்தோர் வாசலில் நின்று ரஞ்சினிக்கு ரெலிபோன் எடுத்தேன்.

"சத்தத்தை வைச்சு எப்பிடி மாமா தெரியும்?"

"முந்தி மில்லிலை கேட்டனான். அண்டைக்குத்தான் தண்டு அறுந்து விரல் போனது."

"விரல் கோலாரிலை எல்லோ போனது?"

"கோலாருக்கு நான் போகேல்லை."

"அப்ப அது என்ன மில்?"

"மிளகாய்."



"மிளகாய்த்தூள் இடிக்கிற மில்லுக்கோ நான் எஞ்சினியர் எண்டு அடிச்சுக் குடுத்தனான்? சாட்சிக்கு என்ரை கையெழுத்தும் கிடக்கு மாமா!"

"வடிவான கையெழுத்து, பிள்ளை."

"பகிடி விடாதேங்கோ. போய் அந்தாளுக்கு இதை அப்பிடியே சொல்லுங்கோ."

"சொன்னால் வேலை போடும். மாமி வரேலாது."

"சொல்லாட்டில்?"

சில்லறை முடிந்து ரெலிபோன் நின்றது. பைக்குள் இன்னும் சில்லறை இருந்தது. நான் போடவில்லை.

16.4.1976, பெரிய வெள்ளி

டொனால்ட்சன் வீட்டுக்கே போனேன். சாப்பாட்டு மேசையில் மீன். என் இடக்கையை மீனுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

எஞ்சினியர் இல்லை என்றேன். மிளகாய் மில்லில் மெசின் ஓட்டியவன், அதிலும் உரலும் இரும்பு உலக்கையும்தான், அளவு சின்னன். ஒருநாள் இதே 'ணீங்' கேட்டது. முதலாளியிடம் சொன்னேன், ஓட்டு என்றார். ஓட்டினேன். தண்டின் துண்டு விரல் நுனியை எடுத்துக்கொண்டு கூரைத் தகரத்தைத் துளைத்துப் போனது. சிறுத்தையைப் படத்தில்தான் பார்த்திருக்கிறேன் என்றும் சொன்னேன்.

அவர் சிரிக்கவில்லை. விரலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து பிற்றருக்கு ரெலிபோன் எடுத்தார். மீன் ஆறிப்போனது.

17.4.1976, சனி

விடிய ஆறு மணிக்குத் தண்டைக் கழுவினோம். மண்ணெண்ணெய் பூசித் துடைத்து, மேலே சோக் கட்டியால் தேய்த்தான் பிற்றர். வெடிப்பு இருந்தால் உள்ளே போன எண்ணெய் திரும்பிக் கசியும் என்றான். கால் மணி நேரம் நின்றோம். மூன்றாம் உலக்கைக்கு நேரே வெள்ளைச் சோக்கில் ஒரு ஈரக் கோடு தானாக வந்தது. என் சுட்டுவிரல் நீளம். முழுச் சுட்டுவிரல்.

மில் ஓடவில்லை. பிள்ளைகள் வாய்க்காலில் மண் அலசி விளையாடிவிட்டுப் போனார்கள்.

பின்னேரம் டொனால்ட்சன் என் விண்ணப்பத்தைத் திருப்பித் தந்தார். "திரும்ப அடித்துக் கொண்டு வா. இந்த முறை நடந்ததை."

22.4.1976

ரஞ்சினி அடித்தாள்: மெசின் ஓட்டுநர், மிளகாய் மில், பன்னிரண்டு வருஷம். பத்தாயிரம் மூட்டை மிளகாய் இடித்தேன் என்று சேர்க்கச் சொன்னேன். மாட்டாளாம்.

டொனால்ட்சன் வாசித்தார். நிரந்தரம் என்று கீழே எழுதினார். மில்லில் இனி உண்மை மட்டும் பேசவேண்டும் என்று வாயால் சொன்னார்.

12.12.1976, ஞாயிறு

புதுத் தண்டில் ஐந்து உலக்கையும் ஓடின. கூட்டத்துக்குப் பின்னால் இராஜேஸ்வரி, ரஞ்சினியின் கோட்டைப் போட்டுக்கொண்டு. அவள் வந்து ஒன்பது நாள்.

தாளில் உள்ளதைச் சொல்லி முடித்தேன். தொப்பி போட்ட ஒருவர் விரல் எப்படிப் போனது என்று கேட்டார். மிளகாய் இடித்தபோது போனது என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். சிலர் கை தட்டினார்கள். இந்த ஊரில் கேட்டதிலேயே நல்ல பொய் இதுதான் என்று தொப்பிக்காரர் என் கையைக் குலுக்கினார்.

இராஜேஸ்வரி சிரிக்கவில்லை. விரல் போன அன்று உரலுக்குள் கிடந்தது அவள் இடிக்கக் கொண்டுவந்த மிளகாய். நாங்கள் முதலில் கதைத்தது அன்றைக்குத்தான்.

போகும் வழியில் கேட்டாள்: "ஏனப்பா, என்ரை தூள் அரைவாசியிலை நிண்டதைச் சொல்லேல்லை?"