வெட்டப்பட்ட பாதி

ஜோகுபாளையம்
மார்ச் 11, 2024

அன்புள்ள வேதா அக்காவுக்கு,

‘அன்புள்ள’ என்று எழுதிவிட்டு, அடித்துவிடலாமா என்று யோசித்தேன். இருக்கட்டும்.

போன் செய்யாமல் ஏன் எழுதுகிறேன் என்பது உங்களுக்கே தெரியும். தீபாவளிக்கு நாம் போனில் பேசியதை யாரோ ரெக்கார்ட் செய்து, பாதியை வெட்டி, அப்பீல் கோர்ட்டில் கொடுத்துவிட்டார்கள். “தர்ஷினி பொம்மசந்திராவுல வீடு பாத்திருக்கா, அங்கயே போயிடலாம்னு இருக்கேன்கா” என்று நான் சொன்னது அதில் இருக்கிறது. “ஆனா பேண்ட் செட்டை வச்சுக்கிட்டு அங்க எங்க பிராக்டீஸ் பண்றது? வரலம்மான்னுட்டேன்” என்று மகளுக்குச் சொன்ன பதிலையும் அடுத்த மூச்சில் சொன்னேனே, அது இல்லை.

கீழ்கோர்ட்டில் இல்லாத புதுச் சாட்சியம் அது. “இதற்கு உன் பதில் என்ன?” என்று ஜட்ஜ் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. நான் காலி செய்ய வேண்டும் என்று கீழ்கோர்ட் சொன்னது சரி, குடித்தனக்காரருக்குப் போக இடம் இருக்கிறது, அப்பீல் தள்ளுபடி. தீர்ப்பு அவ்வளவுதான்.

உங்கள் மகன் அஷ்வின், பிசியோதெரபி கிளினிக் வைக்க இடம் வேண்டும் என்று உங்கள் பெயரில் கேஸ் போட்டிருக்கிறான். இரண்டு முறை அடுக்குமாடி கட்டும் பில்டரின் ஆட்கள் வந்து டேப் பிடித்து வாசலை அளந்தார்களே, எந்த நோயாளிக்குக் கட்டில் போட அளந்தார்கள்?

ரெக்கார்ட் செய்தது யார், அக்கா? அதை மட்டும் சொல்லுங்கள்.

முழங்கால் வலி எப்படி இருக்கிறது?

கில்பர்ட்

*

எலெக்ட்ரானிக் சிட்டி
மார்ச் 24, 2024

தம்பி கில்பர்ட்டுக்கு,

முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. லிஃப்ட் இருப்பதால் பிழைத்தேன்.

நீ கேட்டுவிட்டாய், நானும் கேட்கிறேன். மாடி ரூம் சாவியை உன்னிடம் கொடுத்தது கூட்டித் துடைக்கத்தான். அங்கே உன் டிரம்பெட்காரன் லாயிட் படுத்துக்கொள்கிறானாமே? எனக்குத் தெரியாமல் உள்வாடகையா? “இத்தனை வருஷம் இருந்தாச்சு, இனிமே இது நம்ம வீடுதான்” என்று பேக்கரி வாசலில் நீ சொன்னதாகவும் காதில் விழுந்தது. சிரித்துக்கொண்டு சொன்னாயாம். சிரித்தால் ஆயிற்றா? என் வீட்டுக்காரர் செங்கல் செங்கலாக வாங்கிக் கட்டியது அது.

போன் என் மகன் வாங்கிக் கொடுத்தது. அதில் என்னென்ன இருக்கிறது என்று எனக்கு என்ன தெரியும்? கோர்ட் விஷயம் எல்லாம் அவன்தான் பார்க்கிறான். காட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுகிறேன்.

ஹைகோர்ட்டுக்குப் போகிறாய் என்று கேள்விப்பட்டேன். போ.

வேதநாயகி

*

ஜோகுபாளையம்
பிப்ரவரி 19, 2025

வேதா அக்காவுக்கு,

ஹைகோர்ட் என்ன சொன்னது என்று அஷ்வின் உங்களுக்கு முழுதாகச் சொல்லியிருக்க மாட்டான் என்றே நினைக்கிறேன். என் வக்கீல் கிருத்திகா எனக்குச் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: “அங்கிள், அப்பீல் ஜட்ஜ் சாட்சி சொன்னதெல்லாம் தானே படிச்சாகணும். என்னென்ன கேள்வி, ஒவ்வொண்ணுக்கும் என்ன பதில், ஏன் அந்தப் பதில்னு எழுதணும். புதுசா ஒரு ஆதாரம் வந்தா, ஏத்துக்கலாமா வேணாமான்னு முதல்ல முடிவு பண்ணி, நமக்கும் பதில் சொல்ல வாய்ப்பு தரணும். கீழ்கோர்ட் சொன்னது சரின்னு ஒரு வரி எழுதிட்டு எழுந்து போக முடியாது.” அதனால்தான் அப்பீல் மறுவிசாரணைக்கு அதே கோர்ட்டுக்குத் திரும்பி வந்தது. அதனால்தான் உங்களையும் கூண்டில் ஏற்றினார்கள்.

நேற்று நீங்கள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு படி ஏறியபோது, எழுந்து வந்து கை கொடுக்கலாம் என்று தோன்றியது. கொடுக்கவில்லை. எல்லோரும் பார்க்க நடிக்கிறீர்களோ என்றும் தோன்றியது.

“ரெக்கார்ட் பண்ணது யாரும்மா?” என்று கிருத்திகா கேட்டாள். அஷ்வின் பெயரைத்தான் எதிர்பார்த்தேன்.

“நான்தாம்மா. வீடு எனக்குத்தான்னு இவன் நாளைக்கு மாத்திப் பேசிடுவானோன்னு பயம். வெட்டுனது என் பையன்.”

அஷ்வின் எழுந்து வெளியே போனான். நீங்கள் போனை எடுத்துக் கொடுத்தீர்கள். ஜட்ஜ் முழுவதையும் ஓடவிடச் சொன்னார். என் பேச்சு முடிந்தபின் உங்கள் குரல்: “கிளினிக்கெல்லாம் ஒண்ணும் இல்ல கில்பர்ட், பில்டர்தான் அவனப் புடிச்சு ஆட்டுறான்.” நீங்கள் இப்படிச் சொன்னது எனக்கே மறந்துபோயிருந்தது.

அதில் இது இருக்கிறது என்று தெரிந்துதான் அந்தப் போனைக் கொண்டுவந்து கொடுத்தீர்கள். என்மேல் உள்ள பிரியமா, மகன்மேல் உள்ள கோபமா? விடியும்வரை யோசித்தும் விளங்கவில்லை. நீங்கள் என்னோடு பேசிய மற்ற நாட்களையெல்லாம் நினைத்துப் பார்க்கிறேன். எந்த நாளில் என்னை நம்பிப் பேசினீர்கள், எந்த நாளில் சோதித்துப் பேசினீர்கள்?

கில்பர்ட்

*

எலெக்ட்ரானிக் சிட்டி
ஜூன் 8, 2025

கில்பர்ட்டுக்கு,

நீ ஜெயித்தாய். இந்த முறை ஜட்ஜ் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறாராம். கிளினிக்குக்கு இடம் வேண்டும் என்று நாங்கள் சொன்ன தேவை உண்மையானது அல்ல என்று காரணத்தோடு சொல்லியிருக்கிறார். என்னைப் பொய்க்காரி என்று எழுதவில்லை. அதற்கே நிம்மதி.

பிரியமா, கோபமா என்று கேட்டிருந்தாய். கூண்டில் நின்றபோது பொய் வாயில் வரவில்லை, அவ்வளவுதான். மன்னிப்புக் கேட்டு இதை எழுதவும் இல்லை. நீ பேக்கரியில் சொன்னது இன்னும் எனக்கு உறுத்திக்கொண்டுதான் இருக்கிறது.

பிப்ரவரியிலிருந்து அஷ்வின் என்னோடு பேசுவதில்லை. மருமகள் தட்டைக் கட்டிலோரம் வைத்துவிட்டுப் போகிறாள். பேரனை என் ரூமுக்குள் விடுவதில்லை. நேற்று அவன் கதவுக்கு வெளியே நின்று, “பாட்டி, நீ அப்பாவ மாட்டி விட்டியா?” என்று கேட்டான்.

மாடி ரூமுக்கு வந்துவிடலாம் என்று இருக்கிறேன். ஒரு கேஸ் அடுப்பு இருந்தால் போதும். என் வீட்டுக்கு வர உன்னிடம் கேட்கும்படி ஆகிவிட்டது பார்.

வேதநாயகி

*

ஜோகுபாளையம்
ஜூன் 15, 2025

வேதா அக்காவுக்கு,

உங்கள் கடிதத்தைக் கிருத்திகாவிடம் காட்டினேன். மறைக்கவில்லை, சொல்லிவிடுகிறேன். “வேணாம் அங்கிள். அவங்க மாடியில குடியேறினா, வயசாச்சு, முழங்கால் முடியல, கீழ் வீடு எனக்கே வேணும்னு புதுசா கேஸ் போடலாம். அது உண்மையான தேவையாவும் இருக்கும். எந்த அப்பீல்லயும் நாம நிக்க முடியாது” என்றாள். அஷ்வின்தான் உங்களை அனுப்பிவைக்கிறானோ என்றும் கேட்டாள். எனக்கும் அந்தச் சந்தேகம் வந்தது. இப்போதும் முழுதாகப் போகவில்லை.

லாயிட் மாடியில் படுத்தது உண்மைதான். அவன் அம்மா ஆஸ்பத்திரியில் இருந்த மாதம் மட்டும். வாடகை வாங்கவில்லை. உங்களிடம் கேட்டிருக்க வேண்டும்.

மாடி ரூமுக்கு நேற்று சுண்ணாம்பு அடித்தாயிற்று. படிக்கட்டில் ஒரு பக்கம்தான் பிடிமானம் இருந்தது. மறுபக்கமும் இரும்புக் குழாய் வைக்கச் சொல்லியிருக்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை டாக்சி எதுவும் பிடிக்க வேண்டாம். பேண்ட் வேனில் நானே வந்து, கேட்டுக்கு வெளியே நிற்கிறேன். அஷ்வின் வீட்டுக்குள் வரமாட்டேன்.

பழைய மாதிரி பேச எனக்கு உடனே வராது அக்கா. நீங்களும் என்னைப் பார்த்து யோசித்து யோசித்துத்தான் பேசுவீர்கள். பரவாயில்லை. ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். கீழ் வீடு வேண்டும் என்று உங்களுக்குத் தோன்றும் நாளில், நோட்டீஸ் அனுப்ப வேண்டாம். இறங்கி வந்து கதவைத் தட்டுங்கள். திறப்பேன்.

கில்பர்ட்