பலகைக்கு அடியில் இருந்த மீன்

மார்ச் 11, செவ்வாய். வியட்நாம், ஹோய் ஆன்.

இன்று மகள் செல்வியோடு சமையல் வகுப்புக்குப் போனேன். முதலில் சந்தை. சொல்லிக்கொடுக்கிற பெண் ஒரு மீனை எடுத்தாள். என் கை சும்மா இருக்கவில்லை, செவுளைத் தூக்கிப் பார்த்தேன். வெளுத்திருந்தது. திரும்ப வைத்துவிட்டு, பலகைக்கு அடியில் சாக்கு போட்டு மூடியிருந்த ஐஸ் பெட்டியைக் காட்டினேன். மீன்காரிக்கு முகம் சுருங்கிவிட்டது.

"இது என்ன பூம்புகாராம்மா? சும்மா வாம்மா," என்றாள் செல்வி.

முப்பது வருஷமாக எங்கள் பூம்புகாரில் நானும் மீன்தான் விற்கிறேன். வாடிக்கைக்காரர்களுக்கென்று நல்ல மீனை அடியில்தான் வைப்பேன். மீன்காரி என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். விரலெல்லாம் முள் குத்திய தழும்பு. சிரித்துக்கொண்டே சாக்கை விலக்கி ஒரு மீனை எடுத்துக் கொடுத்தாள். செவுள் ரத்தச் சிவப்பு.

அதை வாழை இலையில் சுற்றிச் சுட்டோம். அவ்வளவு ருசி. நான் இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டேன்.

ஒன்றுதான் உறுத்துகிறது. அது வாடிக்கையாக வாங்குகிற யாரோ ஒரு அம்மாவுக்கு எடுத்து வைத்த மீன். அந்த அம்மா சாயங்காலம் கூடையோடு வந்து நின்றிருப்பாள். மீன்காரி அவளிடம் என்ன சொல்லியிருப்பாள்? எடுத்து வைத்ததை வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டால் ஊரில் நான் சொல்வதைத்தான் அவளும் சொல்லியிருப்பாள். "இன்னைக்கு வரத்தே இல்லக்கா."