சும்மாட்டுக்கு அடியில் வந்த கட்டி

செவ்வாய்க்கிழமை, இரவு

போன மாதம் என் தலையில் வெட்டியெடுத்த கட்டியைப் பரிசோதனைக்கு அனுப்பாமல் எங்கள் ஊர் டாக்டர் குப்பையில் போட்டது தப்பு. புற்றுநோய்க்காக எனக்கு ஒரு கிட்னியை எடுத்திருக்கிறார்கள் என்று அன்றைக்கே சொன்னேன். "கிட்னிக்கும் தலைக்கும் என்னாம்மா சம்பந்தம்? பொம்மைப் பலகை சுமந்து காய்ச்சுப் போயிருக்குது" என்றார். மண் பொம்மைகளைப் பலகையில் அடுக்கிச் சூளைக்குச் சுமக்கிற எல்லோருக்கும் சும்மாடு வைக்கும் இடத்தில் காய்ப்பு உண்டு. காய்ப்பில் ரத்தம் வராது.

இன்று தலை வாரும்போது சீப்பெல்லாம் ரத்தம். மருமகள் மயிரை விலக்கிப் பார்த்து, "அதே எடத்துல செவசெவன்னு மறுபடி வந்திருக்குதுங்க அத்தை" என்றாள்.

மகன், "அகல்விளக்கு ஆர்டரு முடியட்டும்மா, அப்புறம் போவலாம்" என்றான்.

"ஒன் ஆர்டரு முடியுற வரைக்கும் கட்டி காத்துக்கினு இருக்குமாடா?" என்றேன்.

பயமாகத்தான் இருக்கிறது. படுத்தால் அந்த இடம் தலையணையில் துடிக்கிறது.

காலையில் மருமகள் கிட்னி ஆபரேஷன் காகிதங்களை எடுத்து வைக்க வேண்டும். மகன் சூளையை விட்டுவிட்டு என்னைப் புதுச்சேரிக்கு, கிட்னி எடுத்த ஆஸ்பத்திரிக்கே கூட்டிப்போக வேண்டும். அங்கே கட்டியை வெட்டுகிறவர் அதைப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும். என்ன வந்தாலும் மகனைத் தனியே கூப்பிடாமல் என்னிடம் சொல்ல வேண்டும்.